ஸ்லோ குக்கர்ல முட்டை கேசரோல்: தண்ணி விடாம, ஓரம் கருகாம, காலை டிபனுக்கு ரெடியா

முட்டை கேசரோல்னா வேற ஒண்ணும் இல்லைங்க, உருளைக்கிழங்கு, சீஸ், காய், விருப்பப்பட்டா கொஞ்சம் கறி, எல்லாத்தையும் அடுக்கி மேல பால் கலந்த முட்டையை ஊத்தி மொத்தமா கெட்டியாகற வரைக்கும் வேகவைக்கிறது, வெந்ததும் துண்டு போட்டு தட்டுல வைக்கிறது. ஓவன்ல பண்ணா சீக்கிரமே முடிஞ்சிடும், ஆனா அந்த நேரம் பூரா காலையில நீங்கதான் அடுப்படியில நிக்கணும். ஸ்லோ குக்கர்ல, அதாவது பீங்கான் பாத்திரத்தை கரண்ட்ல மெதுவா சூடாக்கி பல மணி நேரம் வேகவைக்கிற குக்கர்ல பண்ணா, வெட்டறது வதக்கறது எல்லாம் முந்தின நாள் ராத்திரியே முடிஞ்சிடுது. வீட்டுல எட்டு பத்து பேரு தங்கியிருக்காங்க, ஒருத்தர் ஆறு மணிக்கு எழுந்து வராரு இன்னொருத்தர் எட்டரைக்கு வராருன்னா, எல்லாருக்கும் சூடா குடுக்க இதைவிட நிம்மதியான டிபன் எனக்குத் தெரிஞ்சு கிடையாது.

ஆனா ஒரு விஷயத்தை முதல்லயே சொல்லிடறேன், ஏன்னா நிறைய ரெசிபில இதுதான் தப்பா இருக்கு. "ராத்திரி போட்டுட்டு தூங்குங்க, 8 மணி நேரம் கழிச்சு எழுந்து சாப்பிடுங்க"ன்னு ஈஸியா எழுதிடறாங்க. காய்ஞ்ச பீன்ஸ் விதை, பெரிய துண்டு கறி இதுக்கெல்லாம் 8 மணி நேரம் சரி, முட்டைக்கு ரொம்ப ஜாஸ்தி. இந்த மெஷினே பீன்ஸை மனசுல வச்சு வந்ததுதான், அமெரிக்காவுல இர்விங் நாக்ஸன்ங்கறவரு 1940ல பேட்டன்ட் வாங்கின குக்கரோட பேரே நாக்ஸன் பீனரி, அதைத்தான் ரைவல் கம்பெனி பின்னாடி வாங்கி 1971ல கிராக்பாட்னு பேரு வச்சு வித்துச்சு. அதுல முட்டையைப் போடறோம்னா முட்டைக்கு ஏத்த மாதிரி நாமதான் நேரத்தைக் குறைச்சுக்கணும்.

ஏன்னு சொல்றேன். குக்கர் ஸ்விட்ச்ல லோ, ஹைன்னு ரெண்டு நிலை இருக்கும், லோல வச்சா சூடு கம்மியாவே நிக்கும், ஹைல வச்சாதான் ஏறும்னு பல பேரு நினைக்கிறாங்க. பெரும்பாலான மாடல்ல கடைசியில போய் நிக்கிற சூடு ரெண்டுக்கும் ஏறக்குறைய ஒண்ணுதான், கொதிக்கிறதுக்கு கொஞ்சம் கீழ. ஹைல சீக்கிரம் போய்ச் சேரும், லோல மெதுவா போய்ச் சேரும், வித்தியாசம் அவ்வளவுதான். பால் கலந்த முட்டை 75லேர்ந்து 80 டிகிரி செல்சியஸ்க்குள்ளயே நல்லா கெட்டிப்பட்டுடும். அதுக்கு மேலயும் சூடு ஏறிக்கிட்டே போனா முட்டையில இருக்கற புரோட்டீன் இறுகி, பிழிஞ்ச ஸ்பாஞ்ச் மாதிரி உள்ள இருக்கற தண்ணியை வெளிய தள்ளிடும். கேசரோல் தண்ணி விடுதுன்னு சொல்றாங்களே, அதுல பாதி கேஸ் இதுதான், பால் ஜாஸ்தியானதால இல்ல, ஜாஸ்தி வெந்ததால. மீதி பாதி காயிலேர்ந்து வர்ற தண்ணி. இந்த ரெண்டையும் கட்டுப்படுத்திட்டீங்கன்னா கேசரோல் உங்க கைக்கு வந்துடுச்சுன்னு வச்சுக்கோங்க, மத்ததெல்லாம் சுலபம்.

அளவு சொல்றேன். ஆறு லிட்டர் பக்கம் வர்ற குக்கருக்கு 12 முட்டை, 240 மில்லி பால், துருவின உருளைக்கிழங்கு 900 கிராம், துருவின சீஸ் 250 கிராம், பெரிய வெங்காயம் ஒண்ணு, குடமிளகாய் ஒண்ணு, வேகவச்ச சாசேஜ் இல்ல ஹாம் 300 கிராம், உப்பு ஒரு டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், கடுகுத்தூள் இருந்தா அரை டீஸ்பூன், பாத்திரத்துக்கு தடவ வெண்ணெய். இது 8 பேருக்கு வயிறார வரும். சின்ன குக்கர், மூணு மூணரை லிட்டர்தான்னா எல்லாத்தையும் பாதியாக்கிடுங்க. பெரிய குக்கர்ல பாதி அளவைப் போடாதீங்க, அடியில மெல்லிசா பரவி நடுப்பகுதி வேகறதுக்குள்ள ஓரம் காய்ஞ்சு போயிடும். பாத்திரம் பாதிக்கு மேல, முக்காலுக்கு கீழ நிறைஞ்சிருக்கணும், அதுதான் சரியான அளவு.

கறி இல்லாம பண்றவங்க அந்த 300 கிராமுக்கு காளான் போடலாம், ஆனா அது வதக்கறதுக்கு முன்னாடி 500 கிராமாவது இருக்கணும், ஏன்னா சுருங்கி பாதிக்கு வந்துடும்.

பால் கொழுப்பு எடுக்காத பாலா இருக்கட்டும். கொழுப்பு கம்மியான பால்ல முட்டை கெட்டிப்படும், ஆனா வாயில வச்சா ரப்பர் மாதிரி தெரியும். இன்னும் மெத்துனு வேணும்னு பாலை அரை லிட்டருக்கு ஏத்திடாதீங்க, உருளைக்கிழங்கு போடற இந்த ரெசிபிக்கு ஒரு முட்டைக்கு 20 மில்லிங்கற கணக்குதான் பொருந்தும். சீஸை முடிஞ்சா கட்டியா வாங்கி நீங்களே துருவுங்க. துருவி பாக்கெட்ல வர்ற சீஸ் ஒண்ணோட ஒண்ணு ஒட்டாம இருக்க ஸ்டார்ச் மாதிரி ஏதாவது தூவியிருப்பாங்க, அது உருகும்போது வழவழப்பா வராது. அவசரத்துக்கு பரவாயில்ல, ருசிக்கு கட்டி சீஸ்தான்.

இப்போ உருளைக்கிழங்கு. ஃப்ரோஸன் ஹேஷ் பிரவுன் (துருவி உறையவச்சு விக்கிற உருளைக்கிழங்கு) யூஸ் பண்றீங்கன்னா முந்தின நாளே ஃப்ரிட்ஜோட கீழ்த்தட்டுக்கு மாத்திடுங்க, ஐஸ் கட்டியா அப்படியே குக்கர்ல கொட்ட வேண்டாம். கொட்டினா ரெண்டு பிரச்சனை. குக்கர் சூடேற எக்கச்சக்க நேரம் எடுக்கும், அந்த நேரம் பூரா முட்டை வெதுவெதுப்புலயே கிடக்கும், கிருமி வளர அதுதான் தோதான சூடு. ரெண்டாவது, ஐஸ் உருகின தண்ணி எல்லாம் அடியில தேங்கிடும். ஃப்ரெஷ் உருளைக்கிழங்கைத் துருவறீங்கன்னா தண்ணியில ரெண்டு மூணு தடவை அலசி, தண்ணி தெளிவா வர்ற வரைக்கும் மாவு போகட்டும், அப்புறம் சுத்தமான காட்டன் துணியில கொட்டி மூட்டையா கட்டி முறுக்குங்க. முதல்ல தண்ணி கொடகொடன்னு கொட்டும், அப்புறம் சொட்டும், அதோட விட்டுடாதீங்க, துணியைப் பிரிச்சு உதறிட்டு இன்னொரு தரம் முறுக்குங்க, இன்னும் கொஞ்சம் வரும். கையில எடுத்தா உதிரியா விழணும், பந்தா ஒட்டிக்கக்கூடாது. அந்தப் பதத்துல வெண்ணெய்ல ஏழெட்டு நிமிஷம் வதக்கிட்டீங்கன்னா உருளைக்கிழங்கு கருத்தும் போகாது, பச்சை வாடையும் வராது.

கறி பச்சையா இருந்தா கண்டிப்பா முன்னாடியே வாணலியில உதிர்த்து, சிவப்பு போற வரைக்கும் வதக்கி, எண்ணெயை வடிச்சுட்டுதான் போடணும். வதக்காம போட்டா ருசியும் இல்ல, கொழுப்பு மேல மிதக்கும், உள்ள வெந்துதா இல்லையான்னு சந்தேகமும் இருந்துக்கிட்டே இருக்கும். அதே வாணலியில வெங்காயம், குடமிளகாய் போட்டு சுருங்கற வரைக்கும் வதக்குங்க. காளான்னா அது விடற தண்ணி எல்லாம் வத்தி, வாணலியில சத்தம் மாறி சுர்ருனு பொரியற சத்தம் வர்ற வரைக்கும் அடுப்புலயே இருக்கட்டும். கீரை போட்டா வதக்கி ஆறவச்சு கையால பிழிஞ்சு போடுங்க. தக்காளி உள்ள போடாதீங்க, தண்ணியும் விடும், புளிப்பு முட்டையைத் திரிச்சும் விடலாம், வேணும்னா சாப்பிடும்போது மேல வெட்டிப் போட்டுக்கலாம். வதக்கினதை கொதிக்கக் கொதிக்க அடுக்காம ஒரு பத்து நிமிஷம் ஆறவிடுங்க.

முட்டையை ஒண்ணொண்ணா சின்ன கிண்ணத்துல உடைச்சு பார்த்துட்டு பெரிய பாத்திரத்துல ஊத்துங்க, ஒண்ணு கெட்டதா இருந்தா 11 முட்டையும் வீணாகாம இருக்கும். பால், உப்பு, மிளகு, கடுகுத்தூள் சேர்த்து விஸ்க்கால (முட்டை அடிக்கிற கம்பிக் கருவி) அடிங்க. அடிங்கன்னா நுரை பொங்கப் பொங்க இல்ல, வெள்ளைக்கரு கோடு கோடா தெரியாம ஒரே நிறமா வந்தா போதும், நிறுத்திடலாம். ரொம்ப நுரை வந்தா வெந்தப்புறம் உள்ள ஓட்டை ஓட்டையா இருக்கும். உப்பு விஷயத்துல, சாசேஜும் சீஸும் ஏற்கனவே உப்புதான், அதனால அந்த ஒரு டீஸ்பூனுக்கு மேல போக வேண்டாம். கறி போடாம காய் மட்டும்னா இன்னொரு கால் டீஸ்பூன் சேர்க்கலாம்.

அடுக்கறதுக்கு முன்னாடி பாத்திரத்தோட உள்பக்கம் வெண்ணெய் தாராளமா தடவுங்க, முட்டை எவ்வளவு உயரம் வருமோ அதுக்கு ரெண்டு விரல் மேல வரைக்கும். ஸ்லோ குக்கர்ல பொதுவா ஹீட்டர் பக்கச்சுவர்லதான் சுத்தி ஓடும், அதனால ஓரம்தான் முதல்ல வேகும், முதல்ல கருகறதும் அதுதான். நிறைய மாடல்ல ஒரு பக்கம் மட்டும் ஜாஸ்தி சூடாகும், அது பெரும்பாலும் ஸ்விட்ச்க்கு எதிர்ப்பக்கம். உங்க குக்கர் எந்தப் பக்கம் கருக்குதுன்னு ஏற்கனவே தெரியும்னா, அலுமினியம் ஃபாயிலை அஞ்சாறு மடிப்பா பட்டையா மடிச்சு, அந்தப் பக்கச் சுவரோட ஒட்டி உள்ள நிறுத்திடுங்க, ஃபாயில் மேலயும் வெண்ணெய் தடவிடுங்க. இந்த ஒரு சின்ன வேலையால ஓரத்துத் துண்டும் நடுத்துண்டு மாதிரியே வரும், எனக்கு ரொம்பப் பிடிச்ச டிப் இதுதான்.

அடியில பாதி உருளைக்கிழங்கு, அது மேல பாதி கறியும் காயும், அது மேல மூணுல ஒரு பங்கு சீஸ். திரும்ப அதே வரிசை. கடைசி பங்கு சீஸை எடுத்து தனியா வச்சுடுங்க, அது வெந்து முடிஞ்சப்புறம் மேல தூவ. இப்போ முட்டைக் கலவையை சுத்தி சுத்தி மெதுவா ஊத்துங்க, கரண்டிப் பின்பக்கத்தால லேசா அமுக்கி விடுங்க, உள்ள இருக்கற காத்து குமிழி குமிழியா மேல வரும், உருளைக்கிழங்கு எல்லாம் நனைஞ்சிருக்கணும். கிளறாதீங்க, கிளறினா கறி எல்லாம் அடிக்குப் போயிடும்.

மூடியில நீராவி படிஞ்சு சொட்டுச் சொட்டா திரும்ப கேசரோல் மேலயே விழும். அதுக்கு சுத்தமான காட்டன் துணியை மூடிக்கு அடியில விரிச்சு, நாலு முனையையும் மூடி மேல தூக்கிக் கட்டிட்டா ஈரத்தை அது உறிஞ்சிக்கும். துணி தொங்கி குக்கர் உடம்பைத் தொடக்கூடாது. நீங்க முழிச்சிருக்கும்போது மட்டும் இதைப் பண்ணுங்க, தூங்கும்போது ஓடற குக்கர்ல துணி வேண்டாம், காலையில மேல தேங்கியிருக்கற கொஞ்சூண்டு தண்ணியை டிஷ்யூவால ஒத்தி எடுத்துட்டா போச்சு.

நேரம்தான் இப்போ முக்கியமான விஷயம். ஹைல ரெண்டரைலேர்ந்து மூணரை மணி நேரம், லோல நாலரைலேர்ந்து ஆறு மணி நேரம். இவ்வளவு பெரிய இடைவெளி ஏன்னா குக்கருக்கு குக்கர் மாறும், பொதுவா புது மாடல் எல்லாம் பழசைவிட வேகமா சூடேறும். அதனால முதல் தடவை பண்றது வீட்டுல விருந்தாளி இருக்கற நாளா இருக்க வேண்டாம், ஒரு லீவு நாள் பகல்ல பண்ணி, உங்க குக்கருக்கு எவ்வளவு நேரம்னு ஒரு பேப்பர்ல எழுதி வச்சுக்கோங்க.

காலையில சாப்பாட்டுக்கு எப்படி பிளான் பண்றதுன்னா எனக்கு ரெண்டு வழிதான் சரின்னு படுது. ஒண்ணு, நேரம் முடிஞ்சா தானா வார்முக்கு (சூடு ஆறாம மட்டும் வச்சிருக்கற நிலைக்கு) மாறற குக்கர் இருந்தா, ராத்திரி 11.30க்கு லோல 5 மணி நேரம் செட் பண்ணிட்டு படுத்துடுங்க, நாலரைக்கு வார்முக்கு மாறிடும், ஆறு ஆறரைக்கு எழுந்து முதல் துண்டு போடலாம். வார்ம்ல ரெண்டு மணி நேரத்துக்கு மேல விடாதீங்க, அதுலயும் மெதுவா வெந்துக்கிட்டுதான் இருக்கும். இன்னொண்ணு, சாதா குக்கர்னா எல்லாத்தையும் ராத்திரி வெட்டி வதக்கி ஆறவச்சு ஒரு டப்பாவுல, முட்டைக் கலவையை இன்னொரு மூடி போட்ட டப்பாவுல ஃப்ரிட்ஜ்ல வச்சுடுங்க. காலையில அஞ்சு மணிக்கு எழுந்து அடுக்கி ஊத்தி ஹைல போட்டுட்டு திரும்பப் போய் படுங்க, எட்டு மணிக்கு பார்த்தா வெந்திருக்கும்.

குக்கரோட பீங்கான் பாத்திரத்துலயே அடுக்கி ஃப்ரிட்ஜ்ல வச்சுட்டா காலையில அந்த அஞ்சு நிமிஷ வேலையும் மிச்சமேன்னு தோணும். வேண்டாம். பாத்திரம் பூரா ஜில்லுனு இருந்தா சூடேற ரொம்ப நேரம் ஆகும், அதோட ஜில்லுனு இருக்கற பீங்கானை சூடான ஹீட்டர்ல வச்சா விரிசல் விடலாம். இன்னொண்ணும் இருக்கு, இதை அழுத்திச் சொல்றேன்: டிலே டைமர் இருக்குன்னு பச்சை முட்டையை ஊத்தி ராத்திரி 10 மணிக்கு வச்சுட்டு, 3 மணிக்கு தானா ஆன் ஆகற மாதிரி செட் பண்ணாதீங்க. பால், முட்டை, கறி எதுவுமே சூடும் இல்லாம குளிரும் இல்லாம ரெண்டு மணி நேரத்துக்கு மேல வெளிய இருக்கக்கூடாது. 4 டிகிரிக்கும் 60 டிகிரிக்கும் நடுவுலதான் கிருமி வேகமா பெருகும், வீட்டுல குழந்தைங்க, வயசானவங்க, கர்ப்பமா இருக்கறவங்க சாப்பிடற பண்டம் இது.

வேகும்போது சும்மா சும்மா மூடியைத் திறக்காதீங்க. ஒரு தரம் திறந்தா போன சூடு திரும்ப வர 20லேர்ந்து 30 நிமிஷம் ஆகும்னு கணக்கு. கண்ணாடி மூடி வழியாவே நிறைய தெரிஞ்சுக்கலாம். முதல்ல ஓரம் மட்டும் வெளிர் மஞ்சளா மங்கலாகும், நடுவுல இன்னும் பளபளன்னு ஈரமா இருக்கும். அப்புறம் அந்தப் பளபளப்பு வட்டம் கொஞ்சம் கொஞ்சமா சுருங்கி, ஓரம் பாத்திரத்தை விட்டு ஒரு நூல் அளவு விலகி லேசா பொன்னிறமாகும். அந்த ஈர வட்டம் உள்ளங்கை அளவுக்கு வந்தப்புறம் திறந்து பாருங்க. பாத்திரத்தை லேசா ஆட்டினா நடுப்பகுதி மட்டும் கொஞ்சம் தளதளன்னு ஆடணும், அலை அடிக்கக்கூடாது. நடுவுலேர்ந்து ஒரு அங்குலம் தள்ளி கத்தியைக் குத்தி எடுத்தா கத்தியில ஈரம் இருக்கலாம், வழியற முட்டை இருக்கக்கூடாது. உணவுத் தெர்மோமீட்டர் இருந்தா இவ்வளவு யோசிக்கவே வேண்டாம், நட்டநடுவுல குத்திப் பாருங்க, 71 டிகிரி செல்சியஸ் தாண்டியிருந்தா பாதுகாப்பு, 75 வந்ததும் ஆஃப் பண்ணிடுங்க. 85, 90ன்னு காட்டுதுன்னா அடுத்த தடவைக்கு அரை மணி நேரம் குறைச்சு எழுதிக்கோங்க.

ஆஃப் பண்ணதும் எடுத்து வச்ச சீஸைத் தூவி ஒரு அஞ்சு நிமிஷம் மூடி வைங்க, அந்தச் சூட்டுலயே உருகிடும். அப்புறம் மூடியை எடுத்துட்டு பத்து நிமிஷம் அப்படியே விடுங்க, முடிஞ்சா பீங்கான் பாத்திரத்தையே வெளிய தூக்கி ஒரு மடிச்ச துணி மேல வச்சுடுங்க, ஏன்னா ஆஃப் பண்ணாலும் சுவரோட சூடு உள்ள போய்க்கிட்டே இருக்கும். இந்த பத்து நிமிஷம் பொறுத்தாதான் துண்டு துண்டா நிக்கும், அவசரப்பட்டு வெட்டினா உதிரும், தண்ணியும் விடும். பீங்கான் கீறாம இருக்க பிளாஸ்டிக் இல்ல மரக் கத்தியால வெட்டி எடுங்க.

சில சமயம் முட்டை லேசா பச்சை கலந்த சாம்பல் நிறமா தெரியும். பயப்பட வேண்டாம், ரொம்ப நேரம் சூட்டுல இருந்தா மஞ்சள் கருவுல இருக்கற இரும்பும் வெள்ளைக் கருவுல இருக்கற சல்ஃபரும் சேர்ந்து அந்த நிறம் வரும், சாப்பிடலாம், ஆனா நேரம் ஜாஸ்தியாயிடுச்சுன்னு அர்த்தம். ஓரம் வெந்து நடுவுல மட்டும் பச்சையா நிக்குதுன்னா லோலேர்ந்து ஹைக்கு மாத்தி 20 நிமிஷம் மூடி வைங்க, அப்பவும் வேகலைன்னா அடுத்த தடவை அளவைக் குறைக்கணும், பாத்திரம் ரொம்ப நிறைஞ்சிருக்கு.

உருளைக்கிழங்கு பிடிக்காதவங்க பிரெட்ல பண்ணலாம். ஒரு நாள் பழசான, காய்ஞ்ச பிரெட்டை துண்டா வெட்டி ஒரு ஆறு ஏழு கப், அது பாலைக் குடிக்கும்ங்கறதால இங்க மட்டும் பாலை அரை லிட்டர் வரைக்கும் ஏத்தலாம். ஃப்ரெஷ் பிரெட் வேண்டாம், கூழாயிடும், ஓவன்ல பத்து நிமிஷம் காயவச்சாவது போடுங்க.

மிச்சம் இருந்தா ரெண்டு மணி நேரத்துக்குள்ள குக்கர்லேர்ந்து எடுத்து, அகலமான டப்பாவுல துண்டுகளைப் பரத்தி ஃப்ரிட்ஜ்ல வச்சுடுங்க, 3 நாள் 4 நாள் நல்லாருக்கும். ஃப்ரீஸர்னா ஒவ்வொரு துண்டையும் தனித்தனியா சுத்தி வச்சு ரெண்டு மாசத்துக்குள்ள சாப்பிட்டுடுங்க. திரும்ப சூடு பண்ண ஸ்லோ குக்கர் சரிப்படாது, அது சூடேற எடுக்கற நேரம் ரொம்ப ஜாஸ்தி. மைக்ரோவேவ்ல மூடி போட்டு பாதி பவர்ல ரெண்டு ரெண்டு நிமிஷமா வச்சு, நடுவுல ஆவி பறக்குதான்னு பாருங்க. இல்லன்னா தோசைக்கல்லுல கொஞ்சம் வெண்ணெய் போட்டு சின்ன தீயில ரெண்டு பக்கமும் திருப்பிப் போட்டு, உள்ள வரைக்கும் நல்லா சூடேறினதும் எடுங்க, வெளிய மொறுமொறுன்னு வரும், ரெண்டாம் நாள் நான் இப்படித்தான் சாப்பிடுவேன்.